கரண்ட் போனதும் யாரும் எழுந்து போகாத படங்கள்

கேள்வி இது. கூடலூர்ப் பக்கம் ஒரு பள்ளியில் ஆசிரியையாக இருப்பவர் கேட்டிருக்கிறார். ஒன்பதாம் வகுப்பு முதல் பதினொன்றாம் வகுப்பு வரையுள்ள பிள்ளைகளுக்கு மாதம் ஒரு படம் போட்டுக் காட்டப்போகிறார்களாம். "மூளைக்கு வேலை கொடுக்கிற படங்களாக வேண்டும். தர்க்கம், யோசித்துக் கண்டுபிடிப்பது, புதிர் மாதிரி. கடைசியில் ட்விஸ்ட் வரும் படங்களின் பட்டியல் ஊரெல்லாம் கிடைக்கிறது, அது வேண்டாம்" என்கிறார்.

அந்தக் கடைசி வரிக்காகத்தான் இவ்வளவு நீளமாகப் பதில் எழுதுகிறேன். சில படங்களின் முடிச்சுகளை அவிழ்த்துத்தான் பேச வேண்டியிருக்கிறது. 'பாபநாசம்' பார்க்காதவர்கள் அந்தப் பகுதியைத் தாண்டிப் போய்விடுங்கள்.

நான் கோத்தகிரியில் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். சனிக்கிழமை சாயங்காலம் ஒரு டீக்கடை மாடியில் புரொஜெக்டர் வைத்துப் படம் போடுகிறோம். பதினைந்து, இருபது பேர் வருவார்கள். பாதிப் பேர் பள்ளிப் பிள்ளைகள். மீதியில் ஒரு பஸ் டிரைவர், ஓய்வு பெற்ற நர்ஸ் அக்கா ஒருவர், தேயிலைக் கொழுந்து எடை போட்டுக் கணக்கெழுதும் பெரியவர் ஒருவர் என்று கலவையாக இருக்கும். உங்கள் கூடலூரில் ஆடி மழைக்குப் போகிற கரண்ட், மலைக்கு இந்தப் பக்கம் இருக்கிற எங்களுக்கு ஐப்பசி மழையில் போகும். மரம் சாய்ந்து லைனில் விழுந்தால் அன்றைக்குப் படம் பாதிதான்.

அப்படி ஒரு ஐப்பசிச் சனிக்கிழமையில்தான் எது தர்க்கப் படம் என்று எனக்குப் புரிந்தது. போட்டிருந்தது '12 ஆங்ரி மென்', 1957-ல் சிட்னி லூமெட் இயக்கியது. தந்தையைக் குத்திக் கொன்றதாகப் பதினெட்டு வயதுப் பையன் மீது வழக்கு. தீர்ப்புச் சொல்லப் பொதுமக்களிலிருந்து எடுத்த பன்னிரண்டு பேர், அதாவது ஜூரிகள், ஓர் அறையில் உட்கார்ந்து முடிவு சொல்ல வேண்டும். பதினொரு பேர் குற்றவாளி என்று கை தூக்க, ஒருவர் மட்டும் "பேசிப் பார்ப்போமே" என்கிறார். சாட்சிகள் இரண்டு பேர். எதிர்வீட்டுப் பெண், ஓடிக்கொண்டிருந்த ரயிலின் கடைசி இரண்டு பெட்டிகளின் ஜன்னல் வழியாகக் கொலையைப் பார்த்ததாகச் சொல்கிறாள். கீழ்வீட்டுக் கிழவர், "கொன்னுடுவேன்" என்று பையன் கத்தியதையும் அடுத்த விநாடி உடல் தரையில் விழுந்ததையும் காதால் கேட்டதாகச் சொல்கிறார். இந்த இரண்டு சாட்சியும் எங்கள் காதில் விழுந்து கொஞ்ச நேரத்தில் கரண்ட் போய்விட்டது.

மெழுகுவர்த்தி ஏற்றினோம். யாரும் எழுந்து போகவில்லை. டிரைவர் அண்ணன் மட்டும் தனக்குத் தானே முணுமுணுத்துக்கொண்டிருந்தார். என்ன என்று கேட்டேன். "சார், மேட்டுப்பாளையத்திலிருந்து லோடோட செகண்ட் கியர்ல ஏறும்போது, பக்கத்துல நிக்கிற கண்டக்டர் பேசுறதே எனக்குக் கேக்காது. அந்தம்மா சொல்றது நெஜம்னா, கொலை நடக்கும்போது ரயில் ஜன்னலை ஒட்டி ஓடிட்டிருக்கு. அப்ப மேல் வீட்ல கத்தினது கிழவனுக்கு எப்படிக் கேட்டுச்சு?" என்றார். அறையே ஒரு நிமிடம் அமைதியாகிவிட்டது. அப்புறம் ஆரம்பித்த விவாதம் கரண்ட் வரும்வரை ஓயவில்லை. படம் மறுபடி ஓடியபோது, அந்த ஒற்றை ஜூரியாக நடித்த ஹென்றி ஃபோண்டா ஏறக்குறைய இதையே சொன்னார். பிள்ளைகள் கைதட்டினார்கள், ஃபோண்டாவுக்கு இல்லை, டிரைவர் அண்ணனுக்கு.

அன்றிலிருந்து இதுதான் என் சல்லடை. படத்தைப் பாதியில் நிறுத்தினால், அதுவரை காட்டியதை மட்டும் வைத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருப்பவர் கதாநாயகனை முந்த முடிகிறதா? முடிந்தால் அது தர்க்கப் படம். "யாருன்னு சொல்லிடுங்க சார், நான் வீட்டுக்குப் போறேன்" என்று கேட்கவைத்தால் அது வெறும் ட்விஸ்ட் படம். ட்விஸ்ட் தப்பு என்று சொல்லவில்லை, எனக்கும் பிடிக்கும். ஆனால் சீட்டைக் கைக்குள் மறைத்துவைத்துக் கடைசியில் காட்டுகிறவனிடம் நமக்கு யோசிக்க என்ன இருக்கிறது?

'12 ஆங்ரி மென்' படத்தை உங்கள் முதல் மாதத்துக்கே வைத்துக்கொள்ளலாம். 96 நிமிடம்தான், ஏறக்குறைய முழுப் படமும் ஒரே அறை. ஆங்கிலம் வேகமாகப் போகும், சப்டைட்டில் அவசியம். நம் நாட்டில் இப்போது ஜூரி முறை கிடையாது என்பதைப் பிள்ளைகளுக்கு முதலில் சொல்லிவிடுங்கள். 1959-ல் கடற்படை அதிகாரி நானாவதி மீதான கொலை வழக்கில் பம்பாய் ஜூரிகள் 8-க்கு 1 என்று குற்றமற்றவர் எனச் சொன்னதை உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. அதற்குப் பிறகு ஜூரி முறை நம் நாட்டில் வழக்கொழிந்தது. இந்த ஒரு கதையைச் சொன்னாலே பிள்ளைகள் நிமிர்ந்து உட்கார்வார்கள்.

இன்னொரு காட்சியையும் வகுப்பிலேயே நடத்திப் பார்க்கலாம். சத்தம் கேட்டதும் படுக்கையிலிருந்து எழுந்து 15 விநாடிக்குள் வாசல் கதவுக்கு வந்துவிட்டேன் என்கிறார் கால் இழுத்து நடக்கும் அந்தக் கிழவர். ஜூரி அறையில் அதே தூரத்தை அளந்து நடந்து பார்க்கிறார்கள், 41 விநாடி ஆகிறது. நாங்கள் மாடியில் சாக்பீஸால் கோடு போட்டு நடந்தோம். ஒவ்வொரு பையனும் தன் பாட்டன் நடப்பதைப் போல நடந்து காட்டியதில் கணக்கு போன இடம் தெரியவில்லை, ஆனால் ஒருவர்கூட 15-க்குள் வரவில்லை.

இந்தப் படத்தை எல்லோரும் தலையில் தூக்கி வைத்துக்கொண்டாடுவார்கள். எங்கள் கொழுந்துக் கணக்குப் பெரியவர் மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. "ஒரு மூட்டையில அரைக் கிலோ கொறையலாம், ஈரம் காஞ்சிருக்கும். பன்னெண்டு மூட்டையிலயும் ஒரே நாள்ல கொறைஞ்சா ஈரத்தைச் சொல்லித் தப்பிக்க முடியுமா?" என்று கேட்டார். அவர் சொல்வது இதுதான்: கத்தி வேறொருவருடையதாக இருக்கலாம், கிழவர் தப்பாகக் கேட்டிருக்கலாம், அந்தப் பெண் கண்ணாடி போடாமல் பார்த்திருக்கலாம். தனித்தனியாக எல்லாமே நடக்கக்கூடியவை. எல்லாம் ஒரே வழக்கில் சேர்ந்து நடந்திருக்குமா? நிகழ்தகவு படிக்கும் பதினொன்றாம் வகுப்புக்கு இதைவிட நல்ல வீட்டுப்பாடம் கிடையாது. பையன் கொலை செய்யவில்லை என்று படம் எங்கேயும் நிரூபிப்பதில்லை. சந்தேகம் மிச்சமிருக்கிறதா என்பது மட்டும்தான் அங்கே கேள்வி. இரண்டும் ஒன்றா என்று எங்கள் மாடியில் இரண்டு வாரம் சண்டை ஓடியது.

தமிழுக்கு வருவோம். நம்மிடம் இந்த வகைக்கு 1954-லேயே ஒரு படம் இருக்கிறது. எஸ். பாலசந்தர் இயக்கிய 'அந்த நாள்'. பாட்டு இல்லை, நடனம் இல்லை. அந்தக் காலத்துத் தமிழ்ப் படத்தில் பாட்டே இல்லை என்றால் என்ன துணிச்சல் என்று யோசித்துக்கொள்ளுங்கள். 1943 அக்டோபரில் சென்னை மீது ஜப்பான் குண்டு வீசிய நாட்களில் கதை நடக்கிறது. படம் தொடங்கும்போதே சிவாஜி சுடப்பட்டு விழுகிறார். துப்பறியும் அதிகாரியாக வரும் ஜாவர் சீதாராமன்தான் திரைக்கதையும் எழுதியவர். பக்கத்து வீட்டுக்காரர், தம்பி, தம்பி மனைவி என்று ஒவ்வொருவராக விசாரிக்கிறார். ஒவ்வொருவரும் இன்னொருவர் பக்கம் கை காட்டுகிறார்கள்.

ஒரே சம்பவத்தை ஆளாளுக்கு ஒரு விதமாகச் சொல்லும் ஜப்பானியப் படம், குரோசாவாவின் 'ரஷோமான்' (1950) பெயர் இங்கே கட்டாயம் வரும். ஆனால் இரண்டும் வேறு ரகம். 'ரஷோமான்' நம்மை உண்மை எதுவென்று தெரியாத இடத்தில் விட்டுவிட்டுப் போகிறது. அது மனித மனத்தைப் பற்றிய படம். 'அந்த நாள்' ஒரு விடையோடு முடிகிறது. பிள்ளைகளுக்கு முதலில் விடை உள்ள கணக்கைக் கொடுங்கள், விடை இல்லாததைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

'அந்த நாள்' படத்தை மூன்று வாக்குமூலம் முடிந்ததும் நான் வேண்டுமென்றே நிறுத்தினேன். கரும்பலகையில் என்ன எழுதுவது என்று பிள்ளைகள் திணறினார்கள். நர்ஸ் அக்கா எழுந்து வந்து நடுவில் ஒரு கோடு கிழித்தார். இடது பக்கம் "சொன்னது", வலது பக்கம் "பார்த்தது". "வார்டுல கேஸ் ஷீட் இப்படித்தான் தம்பி எழுதுவோம். வயிறு வலிக்குதுன்னு நோயாளி சொன்னா இங்க. தொட்டுப் பாத்தா வயிறு கல்லு மாதிரி இருந்தா அங்க. ரெண்டையும் கலந்து எழுதினா டாக்டர் திட்டுவாரு" என்றார். அதுவரை வந்ததையெல்லாம் பிரித்து எழுதினோம். இடது பக்கம் நிரம்பி வழிந்தது. வலது பக்கம் மூன்றே வரி. நாம் எவ்வளவு குறைவாகத் தெரிந்துகொண்டு எவ்வளவு உறுதியாகச் சந்தேகப்படுகிறோம் என்று அந்தப் பலகையைப் பார்த்த ஒரு பெண் சொன்னாள், பத்தாம் வகுப்பு. கொலையாளி யார் என்பதை நான் இங்கே சொல்லப்போவதில்லை.

அடுத்து, எல்லாப் பட்டியலிலும் முதலில் நிற்கிற ஒரு படத்தை நான் ஏன் வேண்டாம் என்கிறேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். 'தி இமிடேஷன் கேம்' (2014). இரண்டாம் உலகப் போர்க் காலத்துக் கதை: பிரிட்டிஷ் கணிதவியலர் ஆலன் டூரிங், ஜெர்மானியரின் எனிக்மா ரகசிய எழுத்து இயந்திரம், அதை உடைக்க பிரிட்டிஷார் வேலை செய்த பிளெட்ச்லி பார்க். நல்ல நடிப்பு, கண் கலங்கவைக்கும் முடிவு எல்லாம் உண்டு. ஆனால் டூரிங் மேதை என்று எல்லோரும் மாறி மாறிச் சொல்கிறார்களே தவிர, அவர் எப்படி யோசித்தார் என்பது நம் கைக்கு வருவதில்லை. டூரிங்குக்கு முன்பே, 1932 டிசம்பரிலேயே, போலந்துக் கணிதவியலர் மரியன் ரெயெவ்ஸ்கி எனிக்மாவை ஒருமுறை உடைத்திருந்தார். படத்தில் அவருக்கு உரிய இடம் இல்லை. இயந்திரத்துக்குக் கிறிஸ்டோபர் என்று பெயர் வைத்ததும் கற்பனைதான். நிஜத்தில் அந்த வகை இயந்திரத்தை பாம்ப் என்றார்கள், 1940-ல் வந்த முதல் இயந்திரத்தின் பெயர் விக்டரி.

எனக்கு வருத்தம் அதுகூட இல்லை. எனிக்மா கதையில் பள்ளிப் பிள்ளைக்கும் புரியக்கூடிய அருமையான தர்க்கப் புள்ளி ஒன்று இருக்கிறது, படம் அதில் நின்று விளக்குவதே இல்லை. அந்த இயந்திரத்தின் அமைப்பால் எந்த எழுத்தும் அதே எழுத்தாக மாறி வராது. அ-வை அழுத்தினால் வேறு எது வேண்டுமானாலும் வரும், அ மட்டும் வராது. பாதுகாப்பு என்று நினைத்தது ஓட்டையாகிப் போனது. ஜெர்மானியர் தினமும் வானிலை அறிக்கை அனுப்புவார்கள், அதில் 'வானிலை' என்ற சொல் எங்கேயோ இருக்கும் என்று ஊகிக்கலாம். எங்கே இருக்க முடியாது என்பதை மேலே சொன்ன விதி காட்டிக்கொடுத்துவிடும்.

பலகையில் செய்து காட்டினேன், நீங்களும் செய்யலாம். ரகசியச் செய்தி இது: ட ப ல ம ப ட ர ச. இதற்குள் 'படம்' என்ற சொல் ஒளிந்திருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். புள்ளியை மறந்துவிட்டு ப, ட, ம என்று ஒரு துண்டுத்தாளில் எழுதி, செய்திக்குக் கீழே வைத்து ஒவ்வோர் எழுத்தாக நகர்த்துங்கள். மொத்தம் ஆறு இடம். இரண்டாவது இடத்தில் ப-வுக்கு நேர்கீழே ப வந்துவிடும். அது நடக்காத காரியம், அடித்துவிடுங்கள். ஐந்தாவது இடத்திலும் அதேதான். ஆறில் இரண்டு போயிற்று, இவ்வளவும் ஒரு துண்டுத்தாளால். ஊகிக்கும் சொல் நீளமாக நீளமாக, இப்படி அடிபடும் இடமும் பெருகிக்கொண்டே போகும். இதை நடத்திவிட்டு அந்தப் படத்தைப் போட்டால், "சார், அந்த விஷயம் எப்ப வரும்?" என்று கடைசிவரை கேட்டுக்கொண்டே இருப்பார்கள். வராது. அப்படியும் போட விரும்பினால் போடுங்கள்.

புதிரையே கதையாக வைத்த படம் வேண்டுமென்றால் ஸ்பானிஷில் 'ஃபெர்மாவின் அறை' (2007) இருக்கிறது. கணிதக்காரர்களை ஒரு அறைக்குள் பூட்டிவிடுகிறார்கள். கேட்கும் புதிருக்கு ஒரு நிமிடத்தில் விடை சொல்லாவிட்டால் சுவர்கள் உள்ளே நகரும். கதை சுமார்தான், வில்லனின் காரணம் எனக்கு ஒட்டவில்லை. ஆனால் புதிர்கள் அத்தனையும் நிறுத்தி யோசிக்கக்கூடியவை. அதில் ஒன்றை நாங்கள் எங்கள் ஊர் வர்க்கி பிஸ்கட்டை வைத்துச் செய்தோம். மூன்று டப்பா. ஒன்றில் வர்க்கி, ஒன்றில் கடலை மிட்டாய், ஒன்றில் இரண்டும் கலந்து. மூன்றின் மேலும் பெயர் ஒட்டியிருக்கிறது, மூன்றுமே தப்பு. உள்ளே பார்க்காமல் ஏதாவது ஒரு டப்பாவிலிருந்து ஒன்றே ஒன்றை எடுக்கலாம். அதை வைத்து மூன்று பெயரையும் சரியாக மாற்ற வேண்டும்.

பெரும்பாலோர் 'வர்க்கி' என்று ஒட்டிய டப்பாவுக்குத்தான் கையைக் கொண்டுபோவார்கள். அங்கேதான் மாட்டுவார்கள். கை வைக்க வேண்டியது 'கலவை' டப்பாவில். எல்லாப் பெயரும் தப்பு என்பதால் அது கலவையாக இருக்காது, ஆகவே எடுத்தது வர்க்கி என்றால் உள்ளே முழுக்க வர்க்கிதான். மிச்சமிருப்பது மிட்டாயும் கலவையும். 'மிட்டாய்' என்று ஒட்டியதில் மிட்டாய் இருக்க முடியாது, அதனால் அதில் கலவை. மற்றதில் மிட்டாய். இதைக் கண்டுபிடித்த ஏழாம் வகுப்புப் பையனுக்கு மூன்று டப்பாவையும் கொடுத்துவிட்டோம், அதுதான் அன்றைக்கு நடந்த ஒரே தவறு. மற்றவர்கள் என்னோடு பேசவில்லை.

இனி 'பாபநாசம்' (2015). ஜீத்து ஜோசப் 2013-ல் மலையாளத்தில் எடுத்த 'த்ரிஷ்யம்' படத்தை அவரே தமிழில் கமலை வைத்து எடுத்தது. இங்கே கொலையை யார் செய்தது என்பது நமக்கு ஆரம்பத்திலேயே தெரியும், அது எப்படிப் பிடிபடாமல் நிற்கிறது என்பதுதான் புதிர். அதிகம் படிக்காத கேபிள் டிவிக்காரர் சுயம்புலிங்கம், சாட்சிகளைப் பொய் சொல்லச் சொல்வதில்லை. சம்பவத்தை அப்படியே விட்டுவிட்டு, அது நடந்த தேதியை மட்டும் மாற்றி அவர்கள் மனதில் பதியவைக்கிறார். அவர்கள் சத்தியமாக நம்பியே சாட்சி சொல்கிறார்கள். இது நடக்குமா என்று பிள்ளைகள் சந்தேகப்பட்டார்கள்.

நான் ஒன்று செய்தேன். இரண்டு வாரம் முன்பு ஒரு சனிக்கிழமை கடைக்காரர் எல்லோருக்கும் வெங்காய போண்டா கொடுத்திருந்தார். பேச்சோடு பேச்சாக மூன்று தடவை "போன வாரம் போண்டா சாப்பிட்டோமே" என்று விட்டுவைத்தேன். கடைசியில் "போண்டா என்றைக்குக் கொடுத்தார்கள்?" என்று எழுதித் தரச் சொன்னேன். பாதிக்கு மேல் "போன வாரம்". கணக்குப் பெரியவர் மட்டும் சரியாக எழுதியிருந்தார். அன்றைக்குக் கொழுந்து விலை இறங்கிய நாளாம், மறக்காதாம்.

இந்தப் படம் சல்லடையில் நிற்கிறதா? உடல் எங்கே என்பதைக் கடைசிக் காட்சியில்தானே சொல்கிறார்கள் என்று ஒரு பெண் கேட்டாள். நியாயமான கேள்வி. ஆனால் புதிதாகக் கட்டிக்கொண்டிருக்கும் அந்தக் காவல் நிலையத்தை நமக்கு முன்பே காட்டிவிடுகிறார்கள். கண்ணெதிரே வைத்துவிட்டுத்தான் மறைக்கிறார்கள். சீட்டு மேஜை மேல்தான் இருந்தது, நாம்தான் எடுக்கவில்லை.

மற்றவை சுருக்கமாக. புதிய நினைவுகள் தங்காத ஒருவனின் கதையான நோலனின் 'மெமென்டோ' (2000) பெரிய வகுப்புக்கு மட்டும். கறுப்பு வெள்ளைக் காட்சிகள் முன்னோக்கியும் வண்ணக் காட்சிகள் பின்னோக்கியும் போய் முடிவில் சந்திக்கும். காட்சிகளைச் சீட்டில் எழுதிக் கயிற்றில் கிளிப் போட்டு வரிசைப்படுத்தச் சொல்லுங்கள். நம் 'கஜினி' (2005) அதிலிருந்து மறதியை மட்டும் எடுத்துக்கொண்டு அந்தக் கட்டமைப்பை விட்டுவிட்டது. காதல் கதையாக நன்றாக ஓடும், புதிராக ஓடாது. 'விக்ரம் வேதா' (2017) வேதாளக் கதையின் எலும்புக்கூட்டை அப்படியே வைத்திருக்கிறது, ஒவ்வொரு கதை முடிவிலும் ஒரு கேள்வி. அது எது நியாயம் என்கிற கேள்வி என்பதால் விவாதத்துக்கு நல்லது, வன்முறையை நீங்கள் முதலில் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். 'மாநாடு' (2021) ஒரே நாள் திரும்பத் திரும்ப வரும் படம். வைத்த விதியைக் கடைசிவரை மீறாமல் விளையாடுகிறது, பிள்ளைகள் விசிலடித்துக்கொண்டே யோசிப்பார்கள். 'க்யூப்' (1997) பகா எண்களை வைத்து அழகாகப் புதிர் போடும், ஆனால் ரத்தம் அதிகம், பள்ளிக்கு வேண்டவே வேண்டாம்.

கடைசியாக நடைமுறை விஷயம் ஒன்று. எங்கே நிறுத்துவது என்பதை முந்தின நாளே தனியாகப் பார்த்து நிமிடத்தைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். சாட்சியம் எல்லாம் வந்துவிட்டிருக்க வேண்டும், கதாநாயகன் இன்னும் வாயைத் திறந்திருக்கக் கூடாது. அந்த இடைவெளி சில படங்களில் இரண்டு நிமிடம்கூட இருக்காது. நான் குறிக்க மறந்துபோன ஒரு சனிக்கிழமை, வெளியே ஒரு சொட்டு மழை இல்லை, 'அந்த நாள்' இரண்டாம் முறை ஓடிக்கொண்டிருந்தது, பட்டென்று அறை இருண்டது. டார்ச்சை அடித்துப் பார்த்தால் மெயின் ஸ்விட்ச் பக்கத்தில் டிரைவர் அண்ணன் நின்றுகொண்டிருந்தார். "நேரமாச்சு சார், அந்தாளு இப்ப சொல்லிடுவான்" என்றார்.